விலங்கை முதலில் விலங்காகப் படியுங்கள்: இலக்கியத்தில் மனிதர்–விலங்கு உறவை ஆராய ஒரு முழுமையான வழிகாட்டி

பாட்டில் யானை வந்தால் வலிமை, நாய் வந்தால் நன்றி, நரி வந்தால் தந்திரம், பசு வந்தால் தாய்மை. இந்த நான்கு சமன்பாடுகளை வைத்துக்கொண்டே ஒரு முழுக் கட்டுரையை எழுதிவிட முடியும். பாட்டைப் படிக்கவே வேண்டியதில்லை. இந்தத் துறையில் எழுதப்படும் கட்டுரைகள் பலவும் சோர்வு தருவதற்கு இதுதான் காரணம். விலங்கு உள்ளே நுழைந்த கணமே அதற்கு ஒரு பட்டம் கட்டி வெளியே அனுப்பிவிடுகிறோம்.

இங்கே சொல்லும் முறை அதற்கு நேர்மாறானது. விலங்கு எதைக் குறிக்கிறது என்ற கேள்வியைத் தள்ளிவைத்து, அது என்ன செய்கிறது என்று முதலில் பார்க்க வேண்டும். பிறகு, அந்தச் செயல் அதன் இயல்போடு பொருந்துகிறதா என்று பார்க்க வேண்டும். விலங்கு தன் இயல்பிலிருந்து எங்கே விலகுகிறதோ, பெரும்பாலும் அங்கேதான் மனிதரின் தேவை உள்ளே நுழைந்திருக்கும். அந்த இடத்தைக் கண்டுபிடித்துவிட்டால் கட்டுரை தானாக வளரும்.

தேவையானவை அதிகமில்லை. அடி எண் உள்ள நல்ல பதிப்பு ஒன்று, முடிந்தால் இரண்டு உரைகள், ஒரு பேரகராதி, அந்த விலங்கைப் பற்றிய நம்பகமான இயற்கை வரலாற்று நூல் ஒன்று, இரண்டு நிறப் பேனா, ஒரு நோட்டு. குறும்பாட்டு என்றால் ஒரு மணி நேரம் வீதம் இரண்டு அமர்வு போதும். சிறுகதைக்கு மூன்று வாசிப்பு வேண்டும்.

படி 1: பிரதியைத் தேர்ந்தெடுத்தல்

முதல் முயற்சிக்கு நாவல் வேண்டாம். 20 அடிக்குள் அடங்கும் சங்கப் பாட்டோ 15 பக்கத்துக்குள் முடியும் சிறுகதையோ எடுத்துக்கொள்ளுங்கள். தலைப்பிலேயே விலங்கு இருக்க வேண்டும் என்றும் தேடாதீர்கள். ஓரமாக வந்து போகும் விலங்கிடம்தான் பல நேரம் உறவு துலக்கமாகத் தெரியும்.

குறுந்தொகை 25ஐப் பாருங்கள். கபிலர் பாட்டு, ஐந்தே அடி. தலைவன் தன்னை மணந்தபோது அங்கே யாரும் இல்லை, அவன் சொல் மாறினால் நான் என்ன செய்வேன் என்கிறாள் தலைவி. ஆனால் ஒரு குருகு இருந்தது. தினைத்தாள் போன்ற சிறிய பசிய கால்களோடு, ஓடும் நீரில் ஆரல் மீனைப் பார்த்து நின்றது. அது மீனைத்தான் பார்த்தது, அவளைப் பார்க்கவில்லை. ஒரே சாட்சிக்கும் வேறு வேலை இருந்தது. குருகு குருகாகவே, தன் பசியோடு நிற்பதால்தான் அவளுடைய தனிமை இவ்வளவு கூர்மையாகிறது. "குருகு தனிமையின் குறியீடு" என்று எழுதினால் இது அத்தனையும் போய்விடும்.

எடுத்த பிரதிக்குத் துணையாக, அதே விலங்கு வேறு உறவில் வரும் இன்னொரு பிரதியையும் வைத்துக்கொள்ளுங்கள். யானைக்குக் குறுந்தொகை 37, புறநானூறு 94 என்ற இணை நன்றாக உதவும். ஒன்றில் காட்டு யானை, மற்றதில் ஊர் நீர்த்துறை யானை. ஒப்பிட ஆள் இல்லாவிட்டால் ஒரு கவிஞரின் பார்வையை ஒரு காலத்தின் பார்வை என்று நினைத்துவிடுவோம்.

வாசிக்கும் வரிசையும் முக்கியம். முதல் வாசிப்பு உரை இல்லாமல், வாய்விட்டு. இரண்டாவது உரையோடு. மூன்றாவதில் விலங்கு வரும் அடிகளை மட்டும். உரையை முதலில் படித்துவிட்டால் உரையாசிரியர் பார்த்ததைத் தவிர வேறெதுவும் கண்ணில் படாது.

படி 2: பெயரைப் பிடித்தல்

பிழைகள் பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகின்றன. பழந்தமிழில் விலங்கின் பெயரோடு அதன் பாலும் வயதும் சேர்ந்தே வரும். யானை என்றால் பொது. களிறு ஆண், பிடி பெண், இளையது கன்று அல்லது குழவி. குரங்கில் கடுவன் ஆண், மந்தி பெண். மானில் கலையும் இரலையும் ஆண், பிணை பெண், மறி குட்டி. பன்றியில் ஒருத்தல் ஆண், பிணவு பெண். தொல்காப்பியத்தின் மரபியல் பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று, பிள்ளை, மகவு, மறி, குழவி என ஒன்பது இளமைப் பெயர்களைச் சொல்லி, எது எதற்குப் பொருந்தும் என்று வகுக்கிறது. பறப்பவற்றின் குஞ்சுக்குப் பார்ப்பும் பிள்ளையும் உரியவை. தவழ்பவற்றுக்கும் அவையே. முதலைக் குட்டியைச் சங்கப் பாட்டு பார்ப்பு என்றும் பிள்ளை என்றும் சொல்வது இந்த மரபில்தான்.

எனவே நோட்டில் விலங்கின் பெயரை எழுதும்போது பாட்டில் உள்ள சொல்லையே எழுதுங்கள். "குரங்கு" என்று எழுதிவிட்டால், அது மந்தி என்பதும் அதனால் பாட்டில் ஒரு தாய் இருக்கிறாள் என்பதும் மறைந்துவிடும்.

அடுத்தது இனத்தை அடையாளம் காண்பது. இதில் மிகப் பரவலான பிழை கவரிமா. குறள் 969இல் இருப்பது "மயிர்நீப்பின் வாழாக் கவரிமா". அடுத்த அடியில் மானம் வருவதாலோ என்னவோ, இது வழக்கில் கவரிமான் ஆகி, மேடைகளிலும் பாடங்களிலும் மானாகவே ஓடிக்கொண்டிருக்கிறது. மா என்பது விலங்கு. புறநானூறு 132 கவரியை நரந்தம் புல் மேயவிட்டு, வானைத் தொடும் இமயத்தில் நிறுத்துகிறது. உடல் முழுவதும் அடர்ந்த முடியோடு பனிமலையில் வாழும் யாக் என்ற மாட்டினத்தைத்தான் அது சுட்டுகிறது. இதை அறிந்து படித்தால் உவமை தெளிகிறது. குளிரில் வாழும் விலங்குக்கு முடி அழகுப் பொருளல்ல, உயிர்க்காப்பு. மானமும் அப்படித்தான் என்கிறது குறள். மானை நினைத்துப் படித்தால் முடி உதிர்ந்த வெட்கத்தில் ஒரு மான் தற்கொலை செய்துகொள்ளும் விநோதக் கதைதான் மிஞ்சும்.

இனம் உறுதியாகத் தெரியாத இடமும் உண்டு. குருகு என்பது பல நீர்ப்பறவைகளுக்கு வழங்கிய பெயர். அங்கே நாரை, கொக்கு என்று நீங்களாகச் சுருக்காமல் குருகு என்றே விட்டுவிடுங்கள்.

படி 3: வினைச்சொற்களைப் பட்டியலிடுதல்

இந்தப் படிக்கு எவ்வளவு நேரம் கொடுத்தாலும் தகும். நோட்டில் ஐந்து பத்தி பிரியுங்கள்: அடி எண், விலங்கின் பெயர், வினைச்சொல், அருகிலிருக்கும் மனிதரின் வினைச்சொல், குறிப்பு. ஒரு நிறத்தில் விலங்கின் வினைகள், இன்னொரு நிறத்தில் மனிதரின் வினைகள்.

அகநானூறு 46இல் செய்து காட்டலாம். அள்ளூர் நன்முல்லையார் பாடிய மருதப் பாட்டு, 16 அடி. பரத்தையிடம் போய்த் திரும்பும் தலைவனைத் தோழி வாசலில் நிறுத்திப் பேசுகிறாள். முதல் 6 அடியும் ஓர் எருமையைப் பற்றியவை:

சேற்றுநிலை முனைஇய செங்கட் காரான்
ஊர்மடி கங்குலில் நோன்தளை பரிந்து
கூர்முள் வேலி கோட்டின் நீக்கி
நீர்முதிர் பழனத்து மீனுடன் இரிய
அந்தூம்பு வள்ளை மயக்கித் தாமரை
வண்டூது பனிமலர் ஆரும் ஊர

எருமையின் வினைகள்: சேற்றில் நிற்பதை வெறுத்தது, வலிய கயிற்றை அறுத்தது, முள்வேலியைக் கொம்பால் விலக்கியது, வள்ளைக் கொடியைக் கலைத்தது, தாமரையைத் தின்கிறது. மீனின் வினை ஒன்று: சிதறி ஓடியது. வண்டின் வினை ஒன்று: மலரை ஊதியது. மனிதரின் வினை? ஆறு அடியில் ஒன்றே ஒன்று. மடிதல், அதாவது உறங்குதல். ஊரே உறங்குகிறது, எருமை மட்டும் விழித்துச் செயல்படுகிறது. பட்டியல் போடாவிட்டால் இது கண்ணில் படாது.

இப்போது உரை சொல்லும் பொருத்தத்துக்கு வரலாம். எருமை தலைவன், தாமரை பரத்தை. சேற்றுத் தொழுவம் அவன் சலித்த வீடு, தளையும் வேலியும் அவனைக் கட்டிய ஒழுக்கமும் காவலும், சிதறும் மீன்கள் அலர் (ஊரார் பழிப்பேச்சு) கேட்டுக் கலங்கும் சுற்றம். இவ்வளவு பொருந்துவதே பெரிய விஷயம். வள்ளைக்கும் வண்டுக்கும் பொருத்தம் தேடி மூச்சு முட்டினால் அந்த இரண்டையும் விட்டுவிடுங்கள். வலிந்து பூட்டிய பொருத்தம் மற்ற நல்ல பொருத்தங்களையும் கெடுக்கும்.

இத்தோடு நிறுத்திவிட்டால் பாதிதான் படித்திருப்போம். எருமையை எருமையாகத் திரும்பப் பாருங்கள். சேற்றில் புரள்வது எருமைக்கு மிகப் பிடித்தது. அது வெறுத்தது குளத்துச் சேற்றை அல்ல, இரவெல்லாம் கட்டுண்டு நிற்க வேண்டிய தொழுவத்துச் சேற்றை. கயிற்றை அறுத்ததும், கொம்பால் வேலியை ஒதுக்கியதும், நீர்த்தாவரங்களைத் தேடிப் போனதும் எருமைக்கு முழுக்க இயல்பானவை. அது எந்தப் பிழையும் செய்யவில்லை. பிழை செய்தவன் மனிதன். விலங்குக்கு இயல்பாக இருப்பது உனக்கு இழிவு என்பதைத் தோழி ஒரு வசைச்சொல் கூடச் சொல்லாமல் சொல்லிவிடுகிறாள். இன்னொன்றும் கவனியுங்கள்: எருமையைக் குறிக்கும் காரான் என்பதில் உள்ள ஆன், பொதுவாகப் பெண்பால் மாட்டுக்கு வழங்கும் சொல். ஆணைச் சுட்ட அதுவே வருகிறது. பொருத்தம் செயலில் இருக்கிறது, பாலில் இல்லை.

படி 4: எந்த உத்தி என்று தீர்மானித்தல்

உவமை எளிது, போல என்ற சொல் காட்டிக்கொடுத்துவிடும். புறநானூறு 94இல் ஔவையார் அதியமானிடம் சொல்கிறார்: ஊர்ச் சிறுவர்கள் வெண்கோட்டை (தந்தத்தை) கழுவ நீர்த்துறையில் படிந்து கிடக்கும் பெருங்களிறு போல எங்களுக்கு நீ இனியவன், அதன் மதம் போலப் பகைவர்க்கு நீ இன்னாதவன். ஒரே யானை, இரண்டு நேரங்கள். மதம் என்பது ஆண்யானையின் உடலில் காலவட்டமாக வரும் நிலை. கன்னத்துச் சுரப்பியிலிருந்து நீர் ஒழுகும், பழகிய பாகனையும் அது நெருங்கவிடாது. அந்த யானையின் கோட்டைத்தான் குழந்தைகள் கழுவுகிறார்கள் என்பதை நினைவில் வைத்தால் பாட்டின் முதல் பாதியிலேயே ஓர் அச்சம் ஓடுவது தெரியும்.

உள்ளுறைக்கும் (இயற்கை வருணனைக்குள் மனிதர் கதையை மறைத்துச் சொல்வது) இறைச்சிக்கும் (அந்த வருணனையிலிருந்து எழும் குறிப்புணர்வு) இடையில்தான் குழப்பம் வரும். தொல்காப்பியம் உள்ளுறை தெய்வம் ஒழிந்த கருப்பொருளை (நிலத்துக்குரிய விலங்கு, மரம் போன்றவற்றை) நிலமாகக் கொண்டு வரும் என்கிறது. இறைச்சி உரிப்பொருளுக்கு (பாட்டின் அடிப்படை உணர்வுக்கு) புறத்தே வரும் என்கிறது. நடைமுறையில் ஒரு சோதனை போதும். "இது அவன், இது அவள்" என்று ஒவ்வொன்றாகப் பூட்டிப் பாருங்கள். அகநானூறு 46 போலப் பூட்டிக்கொண்டே போக முடிந்தால் உள்ளுறை. பூட்ட முயன்றால் அபத்தமாகி, ஆனாலும் ஓர் உணர்வு எஞ்சினால் இறைச்சி. குறுந்தொகை 37இல் பிடியின் பசி போக்கக் களிறு யா மரத்தின் பட்டையை உரிக்கிறது. களிறு தலைவன், பிடி தலைவி, யா மரம் யார்? கேள்வியே தவறு. பிரிந்து சென்ற தலைவர் போகும் வழியில் இந்த அன்பு நடந்துகொண்டிருக்கிறது, பார்த்தால் திரும்பிவிடுவார் என்பதுதான் தோழியின் ஆறுதல்.

நீதிக்கதைகளுக்கு மாற்றிப் பார்க்கும் சோதனை. நரிக்குப் பதில் ஓநாயையோ காக்கையையோ வைத்துப் படியுங்கள். கதை சிறிதும் அசையவில்லை என்றால் அங்கே விலங்கு இல்லை, வேடம் மட்டும் இருக்கிறது. பஞ்சதந்திரத்தின் பல கதைகள் இப்படித்தான், அதில் குறையும் இல்லை. அவை அரசியல் பாடங்கள். ஆனால் வேடக் கதைக்குள்ளும் உண்மையான விலங்கு சட்டென்று தலைநீட்டும். ஜார்ஜ் ஆர்வெல்லின் 'விலங்குப் பண்ணை' (1945) அரசியல் உருவகம் என்பது எல்லோருக்கும் தெரியும். உழைத்து ஓய்ந்த குதிரை பாக்ஸர் இறுதியில் அடிமாட்டு வியாபாரிக்கு விற்கப்படுவது, உருவகத்தைத் தாண்டி, உழைக்கும் குதிரைகளுக்கு உண்மையிலேயே நடந்தது.

படி 5: இயல்பும் விலகலும்

இனி இயற்கை வரலாற்று நூலைத் திறக்கும் நேரம். பாட்டில் உள்ள ஒவ்வொரு செயலுக்கும் எதிரே இயல்பு, விலகல் என்று குறியுங்கள். கவிஞரைத் திருத்துவதற்காக இதைச் செய்யவில்லை.

குறுந்தொகை 37இல் யானை பட்டை உரித்துத் தின்பது இயல்பு. வறண்ட காலத்தில் அது நிகழ்வதும் இயல்பு, வறண்ட வழியையும் பிரிவையும் பாடும் பாலைத்திணைக்குப் பொருத்தம். ஆனால் யானைக் கூட்டத்தை நடத்துவது மூத்த பெண்யானை. வளர்ந்த களிறு பெரும்பாலும் கூட்டத்தை விட்டு விலகித் திரியும். ஒரு களிறும் ஒரு பிடியுமாக இல்லறம் நடத்துவது விலகல். மரப்பட்டை வரை கண்ணால் பார்த்து எழுதிய கவிஞர், சரியாக அந்த இடத்தில் மட்டும் ஏன் விலகுகிறார்? தோழிக்கு அங்கே ஓர் இல்லறம் வேண்டியிருக்கிறது.

குறுந்தொகை 69 இன்னும் கடுமையானது. ஆண்குரங்கு இறந்ததும் கைம்மை (விதவை நிலை) தாங்காத மந்தி, மரமேறக் கல்லாத குட்டியைச் சுற்றத்திடம் சேர்த்துவிட்டு மலையிலிருந்து பாய்ந்து உயிரை விடுகிறது. குட்டியைச் சுற்றத்திடம் விடுவது எவ்வளவு துல்லியம்! குரங்குக் கூட்டத்தில் பெண்கள் பிறந்த கூட்டத்திலேயே தங்கி உறவினரோடு வாழ்கின்றன. ஆனால் கைம்மை குரங்குக்குக் கிடையாது. அது மனிதர் பெண்களுக்குச் செய்த ஏற்பாடு. அந்த ஒரு சொல்லால் காடு முழுவதும் ஊரின் சட்டத்துக்குள் வந்துவிடுகிறது. இரவில் வராதே, உனக்கு ஏதாவது ஆனால் அவள் பிழைக்க மாட்டாள் என்று தோழி சொல்லாமல் சொல்வதற்கு அந்தச் சொல் தேவைப்பட்டது.

விலகல் எப்போதும் உயர்த்துவதாகவே இருக்காது. ஐங்குறுநூற்றின் மருதப் பகுதியில் ஓரம்போகியார் தலைவனின் ஊரைத் தன் பார்ப்பைத் தின்னும் அன்பில்லாத முதலை வாழும் ஊர் என்கிறார் (பாட்டு 41). முதலைத் தாய் பொரித்த குஞ்சுகளை வாயில் கவ்வி நீருக்குக் கொண்டுபோகும். கரையிலிருந்து பார்ப்பவருக்கு அது தின்பதாகவே தோன்றும். வளர்ந்த முதலைகள் சில நேரம் குஞ்சுகளைத் தின்பதும் உண்டு. இரண்டில் எதைக் கண்டு பாட்டு பிறந்தது என்று இன்று சொல்ல வழியில்லை. ஆனால் "அன்பில்" என்ற தீர்ப்பு தலைவனுக்காக எழுதப்பட்டு முதலையின் மேல் போடப்பட்டது. பிழையே செய்யாத விலங்கு வசையைச் சுமக்கும் இடங்களைத் தனி நிறத்தில் குறித்து வையுங்கள். கட்டுரையின் நல்ல பத்திகள் அங்கிருந்து வரும்.

முழு இயல்பும் முழு விலகலும் சந்திக்கும் அபூர்வ இடம் ஐந்திணை ஐம்பதின் 38ஆம் வெண்பா. சுனையில் இரண்டுக்கும் போதாத சிறிதளவு நீர். பிணை குடிக்கட்டும் என்று கலைமான் குடிப்பதுபோல உறிஞ்சி நடிக்கிறது. மான் நடிக்குமா என்று கேட்டுச் சிரிப்பவர்கள் உண்டு. இப்படிக் கேளுங்கள்: வறண்ட சுனையில் வாயை வைத்து நிற்கும் மானைப் பார்த்த ஒருவருக்கு, அது குடிக்கிறதா இல்லையா என்று தெரியாத அந்த நொடியில் என்ன தோன்றும்? இதைப் பாடிய மாறன் பொறையனார் அந்த நொடியை நிரப்பியிருக்கிறார்.

படி 6: யார் கண், யார் குரல்

சிறுகதை, நாவலுக்கு இந்தப் படி இன்றியமையாதது. நான்கு கேள்விகள் போதும். கண் எந்த உயரத்தில் இருக்கிறது? காட்சி அதிகமா, வாசனையும் ஒலியும் அதிகமா? அந்த விலங்குக்குத் தெரிய வாய்ப்பில்லாத சொல் எதையாவது அது பயன்படுத்துகிறதா? பெயர் வைத்தது யார்?

டால்ஸ்டாயின் 'கோல்ஸ்டோமர்' (1886) கதையில் ஒரு கிழக்குதிரை தன் வாழ்க்கையைச் சொல்கிறது. "என்னுடைய" என்ற சொல் அதற்குப் புரிவதில்லை. என் நிலம், என் குதிரை என்று மனிதர் சொல்வதன் பொருள் என்னவென்று யோசிக்கிறது. ரஷ்ய விமர்சகர் விக்டர் ஷ்க்லோவ்ஸ்கி 1917இல் எழுதிய கட்டுரையில், பழகியதைப் புதிதாகக் காட்டும் உத்திக்கு இந்தக் குதிரையை உதாரணமாகக் காட்டினார். அதன் பிறகு விமர்சகர்கள் பலருக்கு இந்தக் கதை உத்தியாகவே தெரிகிறது. கதையின் முடிவில் இறந்த குதிரையின் இறைச்சியைத் தாய் ஓநாய் தன் குட்டிகளுக்கு ஊட்டுகிறது, அதை உடைமையாக்கிய மனிதனின் உடலோ யாருக்கும் பயன்படவில்லை. உத்தியை மட்டும் பேசினால் இந்தக் கணக்கு விடுபட்டுப்போகும்.

பெருமாள்முருகனின் 'பூனாச்சி' (2016) வேறு வழியில் போகிறது. ஆடு தன் கதையைத் தானே சொல்வதில்லை. சொல்பவர் அதன் அருகே ஒட்டி நடக்கிறார். ஆட்சியாளர்கள் ஆடுகளின் காதைக் குத்திக் கணக்கெடுக்கும் பகுதியைப் படிக்கும்போது இரண்டு குறிப்பு எழுதுங்கள்: மனிதருக்கு அது என்ன சொல்கிறது, ஆட்டுக்கு அது எப்படி வலிக்கிறது. முதலாவதை எல்லோரும் எழுதுகிறார்கள்.

படி 7: கொடுக்கல் வாங்கல் கணக்கு

ஒரு பக்கத்தை இரண்டாகப் பிரித்து, விலங்கு கொடுத்தது, விலங்கு பெற்றது என்று எழுதுங்கள். உழைப்பு, பால், காவல், புகழ், உயிர் எல்லாம் இடப்பக்கம். தீனி, பெயர், பாசம், கட்டு, அடி வலப்பக்கம். ஆசிரியர் அன்பைப் பற்றி எவ்வளவு உருகி எழுதினாலும் இந்தக் கணக்கு உண்மையைச் சொல்லிவிடும்.

மணிமேகலையில் ஆபுத்திரன் வேள்விக்குக் கட்டிய பசுவை இரவோடு இரவாக ஓட்டிப்போகிறான். பிடிபட்டதும் அவன் வாதம் கணக்குதான்: வெளியில் வளர்ந்த புல்லைத் தின்று, பிறந்த நாள் தொட்டு எல்லோர்க்கும் பால் கொடுக்கிறது, இதனோடு உங்களுக்கு என்ன பகை?

சரத்சந்திரரின் 'மகேஷ்' கதையில் இந்தக் கணக்கு நொறுங்குவதைப் பார்க்கலாம். கஃபூர் தன் காளையை மகனைப் போல வளர்க்கிறான். வறட்சியில் தீனி இல்லை, மேய்ச்சல் நிலம் ஜமீன்தார் கையில். ஆற்றாமையின் உச்சத்தில் தானே அதை அடித்துக் கொன்றுவிட்டு, மகளோடு ஊரை விட்டுப் போகிறான். இதை ஏழை விவசாயியின் துயரம் என்று மட்டும் எழுதுவதும் தவறு, விலங்கு வதை என்று மட்டும் எழுதுவதும் தவறு. இருவரின் பசியும் ஒரே இடத்திலிருந்து வருகிறது. கணக்கில் மூன்றாவதாக ஒரு பத்தி சேருங்கள்: இருவரிடமிருந்தும் எடுத்தவர் யார்?

ஜெயமோகனின் 'யானை டாக்டர்' கதைக்கும் அந்த மூன்றாவது பத்தி தேவை. காட்டில் எறிந்துவிட்டுப் போன பீர் பாட்டிலின் கண்ணாடி யானையின் காலில் ஏறுகிறது. எறிந்தவரை அந்தப் பத்தியில் எழுதுங்கள்.

படி 8: முடிவில் விலங்கு எங்கே இருக்கிறது

கடைசிப் பக்கத்துக்குப் போய் ஒரு கேள்வி: விலங்கு உயிரோடு இருக்கிறதா, இறந்ததா, மறக்கப்பட்டதா? மூன்றாவதுதான் அதிகம். பாதிக் கதை வரை நாய் வரும், திருமணம் நடந்ததும் நாயைக் காணோம். விலங்கு மறைந்த பக்கத்தின் எண்ணைக் குறித்து, அந்த இடத்தில் மனிதருக்கு என்ன கிடைத்தது என்று பாருங்கள்.

சி. சு. செல்லப்பாவின் 'வாடிவாசல்' குறுநாவலில் காரிக் காளையை ஜமீன்தார் சுட்டுக்கொல்கிறார். மாடுபிடி வீரன் பிச்சி காளையை அடக்கியதோடு கதை முடிந்திருந்தால் அது வீரக்கதை. துப்பாக்கிச் சத்தம் அதை வேறொன்றாக மாற்றுகிறது. தோற்றது காளை, ஆனால் அவமானம் உடைமையாளருக்கு; அதை அழிக்கக் காளை போக வேண்டியிருக்கிறது. அந்தக் கடைசிப் பக்கங்களை மெதுவாகப் படித்து, காளைக்கு வரும் வினைச்சொற்களையும் ஜமீன்தாருக்கு வரும் வினைச்சொற்களையும் படி 3இல் செய்ததுபோலப் பிரித்து எழுதுங்கள்.

படி 9: கட்டுரையாக எழுதுதல்

1500 சொல் கட்டுரைக்கு ஒரு பங்கீடு. விலங்கு செய்யும் ஒரு செயலோடு தொடக்கம், 150 சொல். பெயரும் இனமும் 250. வினைச்சொல் ஆய்வு 500, கட்டுரையின் முதுகெலும்பு இது. இயல்பும் விலகலும் 350. கணக்கும் முடிவும் 250. மேற்கோள் ஒரு பத்திக்கு இரண்டு அடிக்கு மேல் வேண்டாம், காட்டிய அடியில் குறைந்தது இரண்டு சொல்லையாவது தனித்தனியாகப் பேசுங்கள். பேசப்படாத மேற்கோள் வெறும் இடைவெளி நிரப்பல்.

"அன்றே நம் முன்னோர் விலங்கியலை முழுதும் அறிந்திருந்தனர்" என்ற பெருமிதம் தொடக்கத்திலேயே வந்து உட்காரப் பார்க்கும். தொல்காப்பியத்தின் மரபியல் ஓரறிவு முதல் ஆறறிவு வரை உயிர்களை வகுத்தது வியப்புக்குரியதுதான். ஆனால் அதே இயலில் "மாவும் மாக்களும் ஐயறிவினவே" என்று ஒரு வகை மனிதரையும் விலங்கோடு வைத்திருப்பதையும் பேசினால்தான் மேற்கோள் நேர்மையாகும். இன்னொரு பிழை, இன்றைய விலங்குரிமைக் கோட்பாட்டைக் கொண்டுபோய்ப் பழைய பாட்டுக்கு மதிப்பெண் போடுவது. அகநானூறு 4இல் தேர்மணியின் நாவைக் கட்டி வண்டுகளின் துணையைக் கலைக்காமல் வரும் தலைவன் சூழலியலாளன் அல்லன். தன் துணையை நினைத்துக்கொண்டு வருபவன், அதனால் இன்னொரு துணை கண்ணில் படுகிறது. அந்த அளவில் சொன்னாலே போதும், அது சிறிய விஷயமும் இல்லை.

எழுதி முடித்த பிறகு ஒரு நாள் ஆறப்போடுங்கள். பிறகு கட்டுரையில் விலங்கின் பெயர் வரும் ஒவ்வொரு வாக்கியத்திலும் அந்தப் பெயரை அடித்துவிட்டு வேறொரு விலங்கின் பெயரை எழுதிப் படியுங்கள். வாக்கியம் அப்படியே நின்றால் அது நீங்கள் படித்த பாட்டைப் பற்றியது அல்ல. அதை நீக்கிவிட்டு, நோட்டின் மூன்றாம் பத்தியைப் பார்த்துத் திரும்ப எழுதுங்கள்.